வாபஸ் வாங்குறீங்களா... ஒரு நிமிஷம் பாஸ்!

ஹைகோர்ட்டில் போட்ட கேஸைத் திரும்ப எடுக்குறது, கேன்டீனில் சொன்ன தோசையை கேன்சல் பண்ற மாதிரி ஈஸியான மேட்டரா? இல்லவே இல்லை!

2020 அக்டோபர். கொரோனா லாக்டவுனில் கல்யாண மண்டபங்கள் எல்லாம் பூட்டிக்கிடந்த நேரம். ராகவேந்திரா கல்யாண மண்டபத்துக்கு அரையாண்டு சொத்து வரியாக சுமார் 6.5 லட்சம் ரூபாய் கட்டச் சொன்னது சென்னை மாநகராட்சி. 'மண்டபமே மூடிக்கிடக்கு, வருமானமே இல்லை... அப்புறம் எப்படி முழு வரி?' என்று மெட்ராஸ் ஹைகோர்ட் படியேறினார் ரஜினிகாந்த். நீதிபதி அனிதா சுமந்த் கேட்டது ஒரே ஒரு கேள்விதான். 'செப்டம்பர் 23-ம் தேதி மாநகராட்சிக்குக் கடிதம் அனுப்பியிருக்கீங்க. அவங்க பதில் சொல்றதுக்குள்ள இங்கே என்ன அவசரம்?' கோர்ட் நேரத்தை வீணாக்கியதற்கு செலவுத் தொகை விதிக்க வேண்டியிருக்கும் என்ற எச்சரிக்கையும் கூடவே வந்தது. சூப்பர் ஸ்டார் தரப்பு உடனே 'வாபஸ் வாங்கிக்கிறோம்' என்றது. மறுநாளே வரியைக் கட்டிவிட்டு, முதலில் மாநகராட்சியில்தான் முறையிட்டிருக்க வேண்டும், இது அனுபவப் பாடம் என்று ட்விட்டரில் வெளிப்படையாகவே சொல்லிவிட்டார் ரஜினி. மேட்டர் ஓவர்!

கட் பண்ணா... 2021 ஆகஸ்ட். அதே ஹைகோர்ட். இந்த முறை தனுஷ். வெளிநாட்டிலிருந்து இறக்குமதி செய்த ரோல்ஸ் ராய்ஸ் காருக்கு 60.66 லட்சம் ரூபாய் நுழைவு வரி கேட்டதை எதிர்த்து 2015-ல் போட்ட ரிட் மனு அது. பாதி வரியைக் கட்டிவிட்டு, ஆறு வருஷமாக நிலுவையில் இருந்தது. 'மீதியையும் கட்டிடுறோம். மனுவை வாபஸ் வாங்க அனுமதிக்கணும்' என்றார் அவருடைய வக்கீல். ரஜினிக்குக் கிடைத்த மாதிரியே இவருக்கும் டாட்டா காட்டி அனுப்பியிருப்பார்கள் என்றுதானே நினைக்கிறீங்க? அதுதான் இல்லை! நீதிபதி எஸ்.எம்.சுப்ரமணியம் வாபஸுக்கு அனுமதி தரவே இல்லை. 'இந்த வரிப் பிரச்னையை சுப்ரீம் கோர்ட் எப்பவோ முடிச்சு வெச்சாச்சு. அப்பவே கட்டியிருக்கலாமே? அம்பது ரூபாய்க்கு பெட்ரோல் போடுற பால்காரர்கூட வரி கட்டுறாரே' என்கிற ரீதியில் வறுத்தெடுத்துவிட்டு, மீதிப் பணத்தை 48 மணி நேரத்துக்குள் கட்டச் சொல்லி ஆர்டரே போட்டுவிட்டார்.

ஒரே கோர்ட்... ஒரே வார்த்தை 'வாபஸ்'. ஒருத்தருக்கு ஓகே, இன்னொருத்தருக்கு நோ. ஏன் இப்படி?

'நமக்கெதுக்குப்பா இதெல்லாம்? நாம என்ன ரோல்ஸ் ராய்ஸா வெச்சிருக்கோம்?' என்று பக்கத்தைப் புரட்டாதீங்க. அட்டெண்டன்ஸ் பிரச்னை, ஹால் டிக்கெட் மறுப்பு, கவுன்சலிங் குளறுபடி, ஒரிஜினல் சர்ட்டிஃபிகேட்டைப் பிடித்து வைத்துக்கொள்வது, ஸ்காலர்ஷிப் இழுத்தடிப்பு என்று ஹைகோர்ட் வாசலுக்குப் போகும் மாணவர்கள் வருஷா வருஷம் உண்டு. அவர்களிடம் எதிர்த்தரப்பு முதலில் சொல்லும் டயலாக், 'கேஸை வாபஸ் வாங்குப்பா... பேசிக்கலாம்' என்பதுதான். அந்த நிமிஷத்தில் என்ன செய்கிறோம் என்பதில் ஒரு வருஷப் படிப்பே அடங்கியிருக்கலாம். ஸோ, கொஞ்சம் விவரமா பார்த்துடலாம் வாங்க!

ரெண்டு வரியில் முடியும் சடங்கு

முதலில், கோர்ட்டில் வாபஸ் எப்படி நடக்கிறது?

சினிமாவில் வர்ற மாதிரி யாரும் கூண்டில் ஏறி கண்ணீர் விட வேண்டியதில்லை. கேஸ் லிஸ்ட்டில் வருகிறது. நம்பர் கூப்பிடுகிறார்கள். வக்கீல் எழுந்து, 'மனுவை வாபஸ் பெற விரும்புகிறோம்' என்கிறார். நம்ம ஹைகோர்ட்டில் வழக்கமாக, கேஸ் கட்டிலேயே வக்கீல் அதை எழுதிக் கையெழுத்துப் போட்டுவிடுவார். அதற்குப் பெயர் 'எண்டார்ஸ்மென்ட்'. சில சமயம் தனியாக ஒரு மெமோ கொடுப்பார்கள். நீதிபதி அதைப் பதிவு செய்துகொண்டு, 'வாபஸ் பெறப்பட்டதால் மனு தள்ளுபடி செய்யப்படுகிறது' என்று ரெண்டு வரியில் ஆர்டர் போடுவார். அவ்வளவுதான்!

கவனிச்சீங்களா? வாபஸ் வாங்கினாலும் கடைசி வார்த்தை 'தள்ளுபடி'தான். நீங்கள் தோற்றீர்கள் என்று அர்த்தமில்லை. உங்கள் பக்கம் நியாயம் இருக்கா இல்லையா என்றே கோர்ட் பார்க்கவில்லை என்று அர்த்தம். ஆனால், அந்த ரெண்டு வரிக்குள் மூணாவதாக ஒரு வரி இருக்கா இல்லையா என்பதில்தான் உங்க எதிர்காலமே இருக்கு!

இன்னொரு விஷயம். கேஸ் கொடுக்கும்போது 'வக்காலத்து' என்று ஒரு பேப்பரில் கையெழுத்துப் போடுவோமே... அதைப் படிச்சுப் பார்த்தவங்க கையைத் தூக்குங்க பார்ப்போம்! அச்சடித்த வக்காலத்துகளில், உங்கள் சார்பில் வழக்கை வாபஸ் வாங்கவும் சமரசம் பேசவும் வக்கீலுக்கு அதிகாரம் கொடுக்கும் வரி பெரும்பாலும் இருக்கும். அதனால், 'என்னைக் கேட்காம எதுவும் வாபஸ் வாங்காதீங்க சார்' என்று முதல் நாளே வக்கீலிடம் தெளிவாகச் சொல்லி வைப்பது நல்லது. எழுத்தில் சொன்னால் இன்னும் நல்லது.

அந்த மூணாவது வரி!

ஒரு கற்பனை. கார்த்திக் என்று ஒரு தேர்ட் இயர் ஸ்டூடன்ட். அட்டெண்டன்ஸ் குறைவு என்று யுனிவர்சிட்டி அவனைப் பரீட்சை எழுத விடவில்லை. டெங்கு காய்ச்சலில் மூணு வாரம் ஆஸ்பத்திரியில் கிடந்தவன். மெடிக்கல் சர்ட்டிஃபிகேட் எல்லாம் பக்காவாக இருக்கு. அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவின்படி ஹைகோர்ட்டில் ரிட் மனு போடுகிறான். 'வாபஸ் வாங்கு, கன்சிடர் பண்றோம்' என்கிறார்கள். நம்பி வாபஸ் வாங்குகிறான். 'மனு வாபஸ், தள்ளுபடி' என்று ஆர்டர் வருகிறது. அடுத்த வாரமே, 'கன்சிடர் பண்ணிட்டோம்... முடியாது' என்கிறார்கள். சரி, மறுபடியும் கோர்ட்டுக்குப் போகலாம் என்று கிளம்பினால்...

'அதே விஷயத்துக்காக ஏற்கெனவே மனு போட்டு வாபஸ் வாங்கிட்டீங்களே தம்பி?' என்று கேட்பார்கள்.

இதற்கு வேர் சிவில் நடைமுறைச் சட்டத்தில் இருக்கு. அதில் 23-வது ஆர்டர், முதல் விதி. வழக்கை எப்போது வேண்டுமானாலும் கைவிடலாம். ஆனால், 'மறுபடியும் வழக்குப் போட்டுக்கொள்ள உரிமை உண்டு' என்று கோர்ட்டிடம் அனுமதி வாங்காமல் கைவிட்டால், அதே விஷயத்துக்காக அதே ஆளுக்கு எதிராக இன்னொரு வழக்குப் போட முடியாது. எதிர்த்தரப்புக்கு செலவுத் தொகை கொடுக்கவும் நேரலாம்.

இந்த விதி சிவில் வழக்குகளுக்காக எழுதப்பட்டது. ரிட் மனுவுக்கு சிவில் நடைமுறைச் சட்டம் நேரடியாகப் பொருந்தாது. அந்த சந்தில் புகுந்து சிலர் விளையாட ஆரம்பித்தார்கள். இந்த நீதிபதி முகம் சரியில்லையா... வாபஸ் வாங்கு. கொஞ்ச நாள் கழித்து வேற நீதிபதி முன்னாடி அதே மனுவைப் புதுசு மாதிரி போடு! நல்ல மார்க் போடும் பேப்பர் திருத்துபவரைத் தேடிப் போவது மாதிரி, நல்ல பெஞ்ச்சைத் தேடி அலையும் வேலை.

1986 நவம்பரில் இதற்கு வேட்டு வைத்தது சுப்ரீம் கோர்ட். குவாலியரின் போக்குவரத்து அப்பீல் தீர்ப்பாயத்தின் உத்தரவை எதிர்த்து, சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் என்ற நிறுவனம் மத்தியப்பிரதேச ஹைகோர்ட்டில் ரிட் போட்டு வாபஸ் வாங்கியது. பிறகு அதே உத்தரவை எதிர்த்து இன்னொரு ரிட் போட்டது. ஹைகோர்ட் ஏற்கவில்லை. 'ஹைகோர்ட் செய்தது சரி' என்றது சுப்ரீம் கோர்ட். மறுபடி வர அனுமதி வாங்காமல் ரிட் மனுவை வாபஸ் வாங்கினால், அதே விஷயத்துக்கு ஹைகோர்ட்டில் மறுபடி ரிட் போட முடியாது என்பது அன்றிலிருந்து எல்லா ஹைகோர்ட்டுகளும் பின்பற்றும் சட்டம்.

இதிலும் மூணு ஜன்னல்களைத் திறந்தே வைத்தது சுப்ரீம் கோர்ட். ஒன்று, ஆட்கொணர்வு மனு. அதாவது ஒருத்தர் சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டிருக்கும் ஹேபியஸ் கார்ப்பஸ் வழக்கு. அதற்கு இந்தத் தடை கிடையாது. உயிரும் சுதந்திரமும் சம்பந்தப்பட்ட விஷயமாச்சே! இரண்டு, சட்டத்தில் இடமிருந்தால் சிவில் கோர்ட்டில் வழக்குப் போடலாம். மூணு, அடிப்படை உரிமை மீறல் என்றால் 32-வது பிரிவின்படி நேராக சுப்ரீம் கோர்ட் போகலாம். தவிர, வாபஸ் வாங்கிய பிறகு புதுசாக ஒரு உத்தரவு வந்தால், அது புது விஷயம். நம்ம கார்த்திக் விஷயத்தில், 'கன்சிடர் பண்ணிட்டோம்... முடியாது' என்று யுனிவர்சிட்டி எழுத்தில் கொடுத்திருந்தால், அந்தப் புது உத்தரவை எதிர்த்துப் போகலாம் என்று அவன் வக்கீல் வாதாட இடம் இருக்கும். வாய் வார்த்தையாக மட்டும் சொல்லியிருந்தால்? திண்டாட்டம்தான்!

இதற்கெல்லாம் ஒரே மருந்து, ஆர்டரில் மூணாவதாக ஒரு வரி: 'மறுபடி மனு போட்டுக்கொள்ள உரிமை அளிக்கப்படுகிறது.' கோர்ட் பாஷையில் 'லிபர்ட்டி'.

ஆனால், இந்த லிபர்ட்டி கேட்டவுடன் நீட்டப்படும் பஞ்சுமிட்டாய் இல்லை. மனுவில் டெக்னிக்கலான குறை இருக்கணும். உதாரணமாக, சேர்க்க வேண்டிய ஒரு தரப்பைச் சேர்க்காமல் விட்டிருக்கலாம். அல்லது வேறு தகுந்த காரணம் இருக்கணும். 2000-ல் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு சிவில் வழக்கில் இது நடந்தது. கேஸ் இரண்டாவது அப்பீல் வரை வந்த பிறகு, 'வாபஸ் வாங்கிட்டு முதலிலிருந்து போடுறோம்' என்று கேட்டதற்கு ஹைகோர்ட் ஓகே சொல்லிவிட்டது. சுப்ரீம் கோர்ட் அந்த அனுமதியையே ரத்து செய்துவிட்டது. ரெண்டு பரீட்சையும் எழுதி முடிச்சுட்டு, 'சிலபஸ்லேருந்து ஆரம்பிக்கலாமா சார்?' என்று கேட்கிற மாதிரிதானே அது!

'உங்க கேஸ் இல்லை இது... ஊர் கேஸ்!'

சொந்தப் பிரச்னைக்குப் போட்ட மனு என்றால் பெரும்பாலும் வாபஸ் கிடைத்துவிடும். பொதுநல வழக்கு என்றால் கதையே வேற.

ஷீலா பார்சே என்கிற பத்திரிகையாளர், சிறைகளில் அடைக்கப்பட்டிருந்த 16 வயதுக்குக் குறைவான குழந்தைகளுக்காக சுப்ரீம் கோர்ட்டில் வழக்குப் போட்டார். வாய்தா மேல் வாய்தா. மாநில அரசுகள் விவரம் கொடுக்காமல் இழுத்தடித்தன. வெறுத்துப்போன ஷீலா, 'இந்த லட்சணத்தில் வழக்கு நடத்துறதுக்கு வாபஸே வாங்கிக்கிறேன்' என்று மனு போட்டார். 1988-ல் சுப்ரீம் கோர்ட் சொன்ன பதில் இன்றும் சட்டக் கல்லூரிகளில் பாடம். பொதுநல வழக்கைப் போட்டவர் அதற்கு முதலாளி கிடையாது. அதன் பலன் யாருக்குப் போக வேண்டுமோ, அந்த ஜனங்களுடைய வழக்கு அது. நீங்கள் விலகிக்கொள்ளலாம், வழக்கு விலகாது! ஷீலாவின் பெயரை நீக்கிவிட்டு, சட்ட உதவிக் குழுவைக் கொண்டு வழக்கைத் தொடர்ந்து நடத்தியது கோர்ட்.

கேம்பஸ் பக்கத்து ஏரியைக் காப்பாத்தணும், ஹாஸ்டல் சாப்பாடு சரியில்லை என்று பொதுநல வழக்குப் போடத் துடிக்கும் துடிப்பான பார்ட்டிகள் இதை நோட் பண்ணிக்கோங்க. ஆரம்பிச்சா, பாதியில் இறங்குவது உங்க இஷ்டம் மட்டும் இல்லை.

தேர்தல் வழக்கு இதைவிட சுவாரஸ்யம். எம்.பி., எம்.எல்.ஏ. தேர்தல் முடிவை எதிர்த்து 45 நாளுக்குள் ஹைகோர்ட்டில்தான் வழக்குப் போடணும். ஹைகோர்ட் அனுமதி இல்லாமல் அதை வாபஸ் வாங்க முடியாது. பணமோ, பேரமோ கைமாறி வாபஸ் வாங்குவதாகத் தெரிந்தால் அனுமதியே கிடையாது. அனுமதி கொடுத்தாலும், அதை அரசிதழில் அறிவிக்கணும். 14 நாளுக்குள், தகுதியுள்ள வேறு வாக்காளர் யாராவது வந்து 'நான் நடத்துறேன் இந்த கேஸை' என்று கேட்கலாம்! 2019-ல் தூத்துக்குடியில் கனிமொழி ஜெயித்ததை எதிர்த்து தமிழிசை சௌந்தரராஜன் வழக்குப் போட்டார். அதே வருஷம் செப்டம்பரில் அவர் தெலங்கானா கவர்னர் ஆகிவிட, வழக்கை வாபஸ் வாங்குவதற்கு இந்த வழிமுறையைத்தான் நாட வேண்டியிருந்தது. ஓட்டுப்போட்ட அத்தனை பேருக்கும் அந்த வழக்கில் பங்கு இருக்கு என்பதுதான் இதன் லாஜிக்.

கூட்டுக் கேஸும் பதினேழு வயசும்

'மச்சான், பதினஞ்சு பேரும் சேர்ந்து கேஸ் போடுவோம்டா' என்று ஒரே மனுவில் கையெழுத்துப் போட்டிருக்கீங்க. நடுவில் ஒருத்தன் மட்டும் கட்சி மாறி, 'நான் வாபஸ்' என்கிறான். சிவில் விதிப்படி, மற்றவர்கள் சம்மதிக்காமல், மறுபடி வழக்குப் போடும் உரிமையோடு ஒருத்தரை மட்டும் விலக கோர்ட் அனுமதிக்க முடியாது. அதனால் கூட்டாகக் கேஸ் போடும் முன், யார் கடைசி வரை நிற்பார்கள் என்று டீக்கடையிலேயே பேசி முடிச்சுடுங்க.

ஃபர்ஸ்ட் இயர் பசங்களுக்கு ஒரு ஸ்பெஷல் நியூஸ். காலேஜில் சேரும்போது நிறைய பேருக்கு 17 வயசுதான். சட்டப்படி மைனர். மைனர் சார்பில் அப்பாவோ அம்மாவோ சிவில் வழக்குப் போட்டிருந்தால், அதை அவர்கள் நினைத்த நேரத்தில் கைவிட முடியாது. கோர்ட் அனுமதி வேணும். வழக்கைக் கைவிடுவது அந்தப் பையனுடைய, பொண்ணுடைய நன்மைக்குத்தான் என்று வக்கீல் சான்று கொடுக்கணும். பெரியவர்கள் தங்களுக்குள் ராசியாகி, சின்னவர்களின் உரிமையை விட்டுக்கொடுத்துவிடக் கூடாது இல்லையா?

வாபஸுக்கும் ஆர்டருக்கும் நடுவே ஒரு கல்யாணம்

வாபஸ் மனு கொடுத்த அன்றே வழக்கு முடிந்ததா? இல்லை, கோர்ட் ஆர்டர் போட்ட அன்றா? இந்தக் கேள்வி ஒரு கல்யாணத்தையே உலுக்கிய கதை உண்டு.

டெல்லியில் ஒருவருக்கு விவாகரத்து ஆனது. அதை எதிர்த்து அவர் ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டிருந்தார். பிறகு முதல் மனைவியோடு சமரசமாகப் பேசி முடித்து, 2011 நவம்பரில் அப்பீலை வாபஸ் வாங்க மனு கொடுத்தார். டிசம்பர் 6-ம் தேதி இரண்டாவது கல்யாணம். ஹைகோர்ட் 'வாபஸ்' ஆர்டர் போட்டது டிசம்பர் 20-ம் தேதி. நடுவில் 14 நாள் கேப்! பின்னாளில் அந்த இரண்டாவது கல்யாணத்தில் விரிசல் விழுந்தபோது, 'அப்பீல் நிலுவையில் இருக்கும்போது நடந்த கல்யாணம் செல்லாது' என்று வழக்கு வந்தது. ஹைகோர்ட்டும் செல்லாது என்றது. 2018 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட்தான், 'சமரசம் பேசி வாபஸ் மனு கொடுத்தபோதே அப்பீலைத் தொடரும் எண்ணம் அவருக்கு இல்லை என்பது தெளிவு. கல்யாணம் செல்லும்' என்றது. தீர்ப்பு சாதகமாக வந்தாலும், 14 நாள் பொறுத்திருந்தால் மிச்சமாகியிருக்கக் கூடிய கோர்ட் அலைச்சல் எவ்வளவு என்று யோசிச்சுப் பாருங்க. வாபஸ் ஆர்டர் காப்பி கைக்கு வரும்வரை அடுத்த ஸ்டெப் எடுக்காமல் இருப்பதே சேஃப்!

'வாபஸ் வாங்கு... பேசிக்கலாம்!'

இப்போ நம்ம மெயின் மேட்டருக்கு வருவோம். மிரட்டலாகவும் வரலாம், அன்பாகவும் வரலாம். 'உன் கேரியரை யோசிச்சுப் பாரு', 'இன்டர்னல் மார்க் எங்க கையிலதான் இருக்கு', 'அப்பாவைக் கூட்டிட்டு வா, சுமுகமா முடிச்சுக்கலாம்'...

சுமுகமாக முடிந்தால் சந்தோஷம்தான். யாரும் கோர்ட் படியேறுவதை ஹாபியாக வைத்துக்கொள்வதில்லை. ஆனால், முடிப்பதற்கும் ஒரு முறை இருக்கு. 'ஹால் டிக்கெட் தருகிறோம்' என்று எதிர்த்தரப்பு சொன்னால், அதை அவர்களுடைய வக்கீல் கோர்ட்டிலேயே சொல்லட்டும். நீதிபதி அதை ஆர்டரில் பதிவு செய்து மனுவை முடித்து வைக்கட்டும். அது வெறும் வாபஸ் இல்லை. கோர்ட்டுக்குக் கொடுத்த உறுதிமொழி. வேண்டுமென்றே அதை மீறினால் 1971-ம் வருட கோர்ட் அவமதிப்புச் சட்டம் பாயும். அவமதிப்பு நடந்த ஒரு வருஷத்துக்குள் நீங்கள் கோர்ட்டுக்குப் போகணும். பிரின்சிபால் ரூமில் கொடுத்த வாக்குறுதிக்கு இந்த பவர் கிடையாது!

இடைக்கால உத்தரவு வாங்கியிருப்பவர்கள் டபுள் உஷாராக இருக்கணும். 'இந்த வழக்கின் முடிவுக்கு உட்பட்டு பரீட்சை எழுதலாம்' என்று கோர்ட் சொல்லி, பரீட்சையும் எழுதிவிட்டீர்கள் என்று வைத்துக்கொள்வோம். 'அதான் எழுதியாச்சே' என்று மனுவை வாபஸ் வாங்கினால், இடைக்கால உத்தரவும் அதோடு காலி. மரம் போனால் கிளை எங்கே நிற்கும்? நீங்கள் எழுதிய பரீட்சையின் ரிசல்ட் அந்தரத்தில் தொங்கும்.

கிரிமினல் மேட்டர் என்றால் இன்னும் ஸ்ட்ரிக்ட். 'புகாரை வாபஸ் வாங்கிட்டா எஃப்.ஐ.ஆர். போயிடும்' என்பது நம்ம ஊரில் பரவலான மூடநம்பிக்கை. எஃப்.ஐ.ஆர். பதிவான பிறகு அது அரசாங்கத்தின் வழக்கு. இரு தரப்பும் சமரசமானாலும், சட்டம் நேரடியாக சமரசத்துக்கு இடம் தராத குற்றம் என்றால், அதை ரத்து செய்ய ஹைகோர்ட்டுக்குத்தான் போகணும். 2012-ல் சுப்ரீம் கோர்ட் இதற்குக் கோடு போட்டது. தனிப்பட்ட தகராறு மாதிரியானவற்றை ஹைகோர்ட் ரத்து செய்யலாம். கொலை, பாலியல் வன்முறை, கொள்ளை போன்ற கொடும் குற்றங்களை சமரசம் காட்டி ரத்து செய்யக் கூடாது.

இதை ஒவ்வொரு மாணவியும் தெரிஞ்சுக்கணும். ராஜஸ்தானில் ஒரு பள்ளி மாணவியிடம் தவறாக நடந்ததாக ஆசிரியர் மேல் போக்சோ வழக்கு. பிறகு ஆசிரியரும் மாணவியின் அப்பாவும் சமரசமாகிவிட்டதாகப் பத்திரம். அதைப் பார்த்து ஹைகோர்ட் 2022-ல் வழக்கை ரத்து செய்தது. சம்பந்தமில்லாத ஊர்க்காரர்கள் அதை எதிர்த்து சுப்ரீம் கோர்ட் போனார்கள். 2024 நவம்பரில் சுப்ரீம் கோர்ட் அந்த ரத்தை ரத்து செய்து, வழக்கை மறுபடி உயிர்ப்பித்தது. இப்படிப்பட்ட குற்றத்தை, ரெண்டு பெரியவர்களுக்கு நடுவிலான சொந்த விவகாரம் மாதிரிப் பேசி முடிக்க முடியாது என்றது. 'காலேஜ் பேர் கெட்டுடும், வாபஸ் வாங்கிடும்மா' என்று யாராவது சொன்னால், இந்தத் தீர்ப்பை ஞாபகம் வெச்சுக்கோங்க.

போராட்டக் கேஸ்கள் தனி ரகம். 2017 மெரினா ஜல்லிக்கட்டுப் போராட்ட வழக்குகளை வாபஸ் வாங்குவதாக, போலீஸ் மீதான தாக்குதல், தீவைப்பு போன்றவை நீங்கலாக, 2021 பிப்ரவரியில் சட்டசபையில் அறிவித்தார் அன்றைய முதல்வர் எடப்பாடி பழனிசாமி. ஆனால், முதல்வர் அறிவித்த உடனே கேஸ் மறைந்துவிடாது. அரசு வக்கீல் கோர்ட்டில் மனு போடணும். கோர்ட் சம்மதிக்கணும். உங்கள் பெயரில் அப்படி ஒரு கேஸ் இருந்தால், பாஸ்போர்ட்டுக்கும் வேலைக்கும் அப்ளை பண்ணும் முன், கேஸ் நிஜமாகவே முடிந்ததா என்று செக் பண்ணி, ஆர்டர் காப்பி வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு நல்ல சேதியும் உண்டு!

சமாதானமாகப் போவதற்கு ஒரு போனஸ் இருக்கு. தமிழ்நாட்டு சிவில் வழக்குகளில் இரு தரப்பும் சமரசமாகி வாபஸ் வாங்கினால், கட்டிய கோர்ட் ஃபீஸ் திரும்பக் கிடைக்கும். 'கோர்ட் அனுப்பி வைத்து சமரசமானால்தான் ரீஃபண்ட், நீங்களா வெளியில் பேசி முடித்தால் கிடையாது' என்று மெட்ராஸ் ஹைகோர்ட் அலுவலகம் சொன்னது. ஹைகோர்ட் நீதிபதிகளே 'கொடு' என்று சொன்ன பிறகும், ஹைகோர்ட் நிர்வாகம் சுப்ரீம் கோர்ட் வரை போனது. 2021 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட், 'யாரும் அனுப்பாமல் தாங்களாகவே சமரசமானவர்கள்தான் கோர்ட் நேரத்தை அதிகம் மிச்சப்படுத்துகிறார்கள். அவர்களுக்கு ரீஃபண்ட் இல்லையா?' என்கிற ரீதியில் கேட்டு, பணத்தைத் திருப்பித் தரச் சொல்லிவிட்டது.

கோர்ட் பாஷை... குட்டி டிக்‌ஷனரி!

வாபஸ், தள்ளுபடி: நீங்களே திரும்ப எடுத்துக்கொண்டீர்கள். அதே விஷயத்துக்கு மறுபடி ரிட் போடுவது கஷ்டம்.

வாபஸ், லிபர்ட்டியோடு: திரும்ப எடுத்தீர்கள். ஆனால், கதவு திறந்தே இருக்கு.

நாட் பிரஸ்டு: 'இப்போதைக்கு வலியுறுத்தவில்லை' என்று அர்த்தம். இதிலும் லிபர்ட்டி இல்லையென்றால் சிக்கல் வரலாம்.

டீஃபால்ட்: கேஸ் கூப்பிட்டபோது யாரும் ஆஜராகாததால் தள்ளுபடி. தகுந்த காரணம் சொல்லி, அதே கேஸைத் திரும்ப உயிர்ப்பிக்கக் கேட்கலாம்.

இன்ஃப்ரக்சுவஸ்: கேட்ட விஷயமே காலாவதி. பரீட்சை முடிந்த பிறகு ஹால் டிக்கெட் கேட்கும் மனு மாதிரி.

டிஸ்போஸ்டு வித் டைரக்‌ஷன்: 'இவருடைய கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவு சொல்' என்று அதிகாரிக்கு உத்தரவு போட்டு முடித்து வைப்பது. வெறும் வாபஸைவிட இது எவ்வளவோ தேவலை.

கையெழுத்துப் போடும் முன்... செக் பண்ணுங்க!

ஏன் வாபஸ் வாங்குகிறோம் என்று உங்களுக்கே தெளிவா தெரியுதா? நீதிபதியின் மூடைப் பார்த்து வக்கீல் சொல்கிறாரா, எதிர்த்தரப்பு கொடுத்த வாக்குறுதிக்காகவா, பயந்துபோயா? காரணம் எதுவோ, அதற்கு ஏத்த மாதிரிதான் ஆர்டர் கேட்கணும்.

லிபர்ட்டி கேட்டாச்சா? கேட்டால் மட்டும் போதாது. ஆர்டரில் எழுதியிருக்கா? கோர்ட்டில் வாயால் சொன்னது வேற, கையெழுத்தான ஆர்டர் வேற. இ-கோர்ட்ஸ் ஆப்பிலும் ஹைகோர்ட் இணையதளத்திலும் கேஸ் நம்பரைப் போட்டு, நிலவரத்தையும் ஆர்டரையும் நீங்களே பார்க்கலாம்.

எதிர்த்தரப்பு வாக்குறுதி ஆர்டரில் பதிவாச்சா? தேதியோடு?

இடைக்கால உத்தரவு இருந்தால், அதன் கதி என்ன?

அடுத்து போகவேண்டிய இடத்துக்குக் காலக்கெடு ஏதாவது இருக்கா? வாபஸ் வாங்கி யோசிப்பதற்குள் அந்தத் தேதி தாண்டிவிடக் கூடாது.

வக்கீலுக்குக் கொடுக்கக் காசு இல்லை, அதனால்தான் வாபஸ் என்றால், ஸ்டாப்! 1987-ம் வருட சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி பெண்களுக்கும் 18 வயதுக்குக் குறைந்தவர்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி. பிரிவினருக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு இருக்கு. சென்னையிலும் மதுரைக் கிளையிலும் ஹைகோர்ட் சட்டப் பணிகள் குழு இருக்கு. 15100 என்ற நம்பருக்கு போன் அடித்தால் வழி சொல்வார்கள்.

ரஜினி வழக்கைத் திரும்பவும் ஒருமுறை பாருங்க. கடிதம் போட்டு, பதிலுக்குக் காத்திருந்து, அதன் பிறகு கோர்ட்டுக்குப் போயிருந்தால் அங்கே வாபஸுக்கே வேலை இருந்திருக்காது. உங்க காலேஜ் விஷயத்திலும் முதல் வேலை அதுதான். கோரிக்கையை எழுத்தில் கொடுங்க, ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி ஒப்புகைச் சீட்டைப் பத்திரப்படுத்துங்க, பதிலுக்கு நியாயமான டைம் கொடுங்க. அதற்குப் பிறகும் கதவு திறக்கவில்லை என்றால் தாராளமாக ஹைகோர்ட் படியேறுங்க. அங்கே யாராவது 'வாபஸ் வாங்கிடலாமா?' என்று கேட்டால், கோபப்படவும் வேண்டாம், பயப்படவும் வேண்டாம். ஒரே ஒரு கேள்வி கேளுங்க:

'சரி சார்... ஆர்டர்ல என்னன்னு எழுதுவாங்க?'